சாந்தினி சௌக்கில் பிடிபட்ட தமிழனுக்கு யார் ஜாமீன் நிற்பது?

தமிழ்நாட்டில் திகார் என்ற பெயரைக் கேள்விப்படாதவர்கள் குறைவு. வேலூர், பாளையங்கோட்டை, புழல் வரிசையில் நம் அரசியல் பேச்சில் இடம் பிடித்துவிட்ட சிறை அது. "அடுத்து திகார்தான்" என்று மேடையில் யாராவது சொன்னால் கைதட்டலுக்குக் குறைவிருக்காது. ஆ. ராசா 2011 பிப்ரவரியில் கைதாகி 2012 மே மாதம் ஜாமீனில் வந்தார். கனிமொழி 2011 மே முதல் நவம்பர் வரை உள்ளே இருந்தார். 2017-ல் டி.டி.வி. தினகரன், 2019-ல் ப. சிதம்பரம். இவர்களைப் பிடிக்குமா பிடிக்காதா என்பதை ஓரமாக வைத்துவிடலாம். நால்வரில் ஒருவர்கூடத் திகாரில் தண்டனை அனுபவிக்கவில்லை, எல்லாரும் விசாரணைக் கைதிகள். ராசாவும் கனிமொழியும் சிக்கிய 2ஜி அலைக்கற்றை வழக்கில் 2017 டிசம்பர் 21 அன்று விசாரணை நீதிமன்றம் குற்றம் சாட்டப்பட்டவர்களை விடுவித்தது. அதன் மேல்முறையீடு தனிக்கதை. ராசா உள்ளே இருந்த பதினைந்து மாதத்தை எந்தக் கணக்கில் எழுதுவது என்று கேட்டால் சட்டத்திடம் பதில் கிடையாது.

அவர்களுக்காவது நாட்டின் பெரிய வக்கீல்கள் கிடைத்தார்கள். திகாரை நிரப்புபவர்கள் வேறு ஆட்கள். தேசிய குற்ற ஆவணக் காப்பகத்தின் 2022-ஆம் ஆண்டுக் கணக்குப்படி இந்தியச் சிறைகளில் 5,73,220 பேர் இருந்தார்கள். அவர்களில் 4,34,302 பேர் விசாரணைக் கைதிகள்; நூற்றுக்கு 76. தில்லியில் நிலைமை இன்னும் மோசம், பத்துப் பேரில் ஒன்பது பேர் தீர்ப்பு வராதவர்கள். திகார், ரோகிணி, மண்டோலி மூன்று வளாகங்களிலும் சேர்த்து 16 சிறைகள். மொத்தம் 10,026 பேருக்குத்தான் இடம். அந்த ஆண்டுக் கணக்கில் நூறு பேர் படுக்கும் இடத்தில் 184 பேர் படுத்தார்கள்.

ஆக, நாம் தண்டனைக் கூடம் என்று நினைத்துக்கொண்டிருப்பது நடைமுறையில் ஒரு காத்திருப்புக் கூடம். யார் எத்தனை நாள் காத்திருக்கிறார் என்பது செய்த குற்றத்தின் அளவைப் பொறுத்தது என்றுதான் வெளியில் இருப்பவர்கள் நினைப்போம். தில்லியில் பிழைக்க வந்த தமிழர் மாட்டிக்கொண்டால் பல சமயம் அதைத் தீர்மானிப்பது வேறொன்று: அவருக்காக நீதிமன்றத்தில் கையெழுத்துப் போட இந்த ஊரில் ஆள் உண்டா, அந்த ஆளிடம் காட்டுவதற்குக் காகிதம் உண்டா.

இந்த நிலைக்கு எப்படி வந்தோம் என்பதற்குக் கொஞ்சம் பின்னால் போக வேண்டும். அடைத்து வைப்பதே தண்டனை என்பது நம் நாட்டில் பழைய பழக்கம் இல்லை. முகலாயர் காலத் தில்லியில் அபராதம், சவுக்கடி, உறுப்பை வெட்டுவது, நாடு கடத்தல், மரணம் என்று தண்டனைகள் இருந்தன. சிறை என்பது தீர்ப்பு வரும்வரையோ, கட்ட வேண்டிய பணம் வரும்வரையோ ஆளைப் பிடித்து வைக்கும் இடம். அரச குடும்பத்துக்குள்ளேயே எதிரியாகிவிட்டவர்களுக்கு சலீம்கர், குவாலியர் என்று கோட்டைகள் இருந்தன. சாதாரணத் திருடனுக்கு மூன்று வருடம் சோறு போட்டுக் காவல் காக்கும் யோசனை அந்தக் காலத்து அரசர்களுக்கு வேடிக்கையாகத் தெரிந்திருக்கும்.

அந்த யோசனை கம்பெனி ஆட்சியோடு வந்தது. ஆரம்பத்தில் கைதிகளைச் சங்கிலியில் பிணைத்து ரோடு போட விட்டார்கள். இந்தியாவுக்குச் சட்டம் எழுத வந்த மெக்காலேயும் இடம்பெற்றிருந்த சிறை ஒழுங்குக் குழு 1836-ல் அமைக்கப்பட்டு, 1838-ல் அறிக்கை தந்தது. ரோட்டு வேலை வேண்டாம், கைதி வெளியுலகத்தைப் பார்க்கிறான், அதில் பயமில்லை என்றது அறிக்கை. சுவருக்குள் வைத்து, அலுப்பூட்டும் ஒரே வேலையைத் திரும்பத் திரும்பச் செய்ய வைக்க வேண்டும். கல்வி, நல்லொழுக்கப் போதனை, நன்னடத்தைக்குச் சலுகை எல்லாம் தேவையில்லை. இந்த எண்ணத்தின் முழு உருவம் தமிழருக்கு நன்றாகத் தெரியும். கோவைச் சிறையில் வ.உ.சி. இழுத்த செக்கு அதுதான். மாடு கட்டினால் எண்ணெய் அதிகம், செலவு குறைவு என்பது சிறை அதிகாரிக்குத் தெரியாததல்ல. எண்ணெய் யாருக்கு வேண்டும்?

1860-ல் வந்த தண்டனைச் சட்டமும் 1894-ல் வந்த சிறைச் சட்டமும் இந்த அஸ்திவாரத்தில் எழுந்தவை. கடுங்காவல், வெறுங்காவல் என்ற பிரிவு, அந்தத் தண்டனைச் சட்டத்தின் இடத்துக்கு இன்று வந்திருக்கும் பாரதிய நியாய சன்ஹிதாவிலும் அப்படியே தொடர்கிறது. நடுவில் ஒரு மாற்றுக் குரலும் கேட்டது. மதராஸ் மாகாண அதிகாரியும் 1919-ல் சில நாட்கள் அங்கே தற்காலிக ஆளுநராக இருந்தவருமான அலெக்சாண்டர் கார்டியூ தலைமையிலான குழு, 1919-20-ல் நாடு முழுக்கச் சிறைகளைப் பார்த்தது. பயமுறுத்தினால் மட்டும் போதாது, கைதியைத் திருத்தி அனுப்புவதும் சிறையின் வேலை என்று எழுதியது. அந்தமானுக்குக் கைதிகளை அனுப்புவதை விடச் சொன்னது. சிறை நிர்வாகம் பற்றிய அரசு ஆவணங்களில் இன்றுவரை திருத்தம், மறுவாழ்வு என்ற சொற்கள் வருவதற்கு அந்த அறிக்கையே மூலம். சொற்கள் வந்துவிட்டன, 1894 சட்டத்தை மாற்ற ஒரு மாதிரிச் சட்டத்தை மத்திய உள்துறை வெளியிட்டதோ 2023-ல். சிறை மாநிலப் பட்டியலில் இருப்பதால் அதையும் ஒவ்வொரு மாநிலமும் தானாக ஏற்றுக்கொண்டால்தான் உண்டு.

தில்லிக்கு வருவோம். பழைய மத்தியச் சிறை தில்லி கேட் பக்கத்தில் இருந்தது. முகலாயர் காலத்தில் பரீத் கான் கட்டிய ஒரு சராயை, அதாவது வழிப்போக்கர் சத்திரத்தை, வெள்ளைக்காரர்கள் சிறையாக்கினார்கள். 1912 டிசம்பர் 23 அன்று சாந்தினி சௌக்கில் யானை மேல் ஊர்வலம் வந்த வைஸ்ராய் ஹார்டிஞ்ச் மீது குண்டு விழுந்ததே, அந்த வழக்கில் மாஸ்டர் அமீர் சந்த், அவத் பிஹாரி, பாய் பால்முகுந்த் மூவரும் 1915 மே 8 அன்று தூக்கிலிடப்பட்டது இங்கேதான். இன்று அங்கே மௌலானா ஆசாத் மருத்துவக் கல்லூரி. தூக்குமேடை இருந்த இடம் நினைவிடமாக வளாகத்துக்குள்ளேயே இருக்கிறது. ஸ்டெதாஸ்கோப்பைக் கழுத்தில் போட்டுக்கொண்டு அதைக் கடந்து போகும் பிள்ளைகளில் நம் ஊர்ப் பிள்ளைகளும் உண்டு.

அந்தச் சிறையை மூடிவிட்டு 1958-ல் மேற்கே, அன்று ஊருக்கு வெளியே இருந்த திகார் கிராமத்தில் புதிய சிறையைத் திறந்தார்கள். இடம் 1,273 பேருக்கு. நிர்வாகம் பஞ்சாப் அரசிடம் இருந்தது. 1966-ல் தான் தில்லிக்கு வந்தது. ஊர் வளர்ந்து சிறையைச் சுற்றிக்கொண்டது. ஜனக்புரியில் வசிக்கும் நம்மவர்களுக்கு ஜெயில் ரோடு என்பது சாமான் வாங்கப் போகிற வழி, அவ்வளவுதான். திகார் வளாகத்தில் மட்டும் இப்போது ஒன்பது சிறைகள், அனுமதிக்கப்பட்ட இடம் 5,200. 2004-ல் ரோகிணி, 2016-ல் மண்டோலி என்று புதிதாகக் கட்டிக்கொண்டே போனார்கள், கூட்டமும் கூடிக்கொண்டே போனது. வரும் ஆள் எண்ணிக்கையைக் குறைக்காமல் எத்தனை சுவர் எழுப்பினாலும் இதுதான் நடக்கும்.

ஒருவர் உள்ளே போகும் வழியைப் பார்க்கலாம். கைது செய்த 24 மணி நேரத்துக்குள் மாஜிஸ்திரேட் முன் நிறுத்த வேண்டும். அவர் போலீஸ் காவலுக்கு அனுப்பலாம், நீதிமன்றக் காவலுக்கு அனுப்பலாம். இரண்டாவது என்றால் சிறை. ஒரு முறைக்குப் பதினைந்து நாளுக்கு மிகாமல் நீட்டித்துக்கொண்டே போகலாம். நம் செய்தித்தாள்கள் இதை "15 நாள் சிறை" என்று போடுவதைப் படித்துவிட்டு, 'சரி, பதினைந்து நாளில் வந்துவிடுவான்' என்று ஊரில் நினைத்துக்கொள்கிறார்கள். வழக்கின் தன்மையைப் பொறுத்து 60 அல்லது 90 நாளில் போலீஸ் குற்றப்பத்திரிகை போடாவிட்டால் ஜாமீன் கேட்பது உரிமை. போட்டுவிட்டால் அந்தக் கதவு மூடிக்கொள்ளும். அப்புறம் வழக்கு முடியும்வரை, அல்லது நீதிபதிக்கு மனம் வரும்வரை.

நீதிபதிக்கு மனம் வந்து ஜாமீன் கொடுத்த பிறகு நடப்பதுதான் பலருக்குத் தெரிவதில்லை. ஒருவரை வைத்துக்கொள்வோம். கள்ளக்குறிச்சிப் பக்கத்துக்காரர், தெற்கு தில்லியில் ஒரு வீட்டில் டிரைவர், குடியிருப்பு ஒரு நாலா, அதாவது சாக்கடைக் கால்வாய், ஓரத்துக் குடிசையில். வேலை செய்யும் வீட்டில் நகை காணோம், புகார் அவர் மேல். திகாருக்குப் போகிறார். ஒரு மாதம் கழித்து ஜாமீன் கிடைக்கிறது. உத்தரவு வழக்கமான தில்லி உத்தரவு: 25,000 ரூபாய்க்குச் சொந்தப் பிணை (வாய்தாவுக்கு வராவிட்டால் அந்தத் தொகையைக் கட்டுவதாக அவரே எழுதித் தருவது), அதே தொகைக்கு ஒரு ஜாமீன்தாரர்.

ஜாமீன்தாரர் நேரில் வர வேண்டும். தன் பெயரில் ஏதாவது மதிப்புள்ளதைக் காட்ட வேண்டும்: வண்டியின் ஆர்.சி., வங்கி வைப்புத்தொகை ரசீது, வீட்டுப் பத்திரம். இதற்கு முன் எத்தனை பேருக்கு ஜாமீன் நின்றிருக்கிறார் என்று எழுதித் தர வேண்டும். போலீஸ் அவர் முகவரிக்குப் போய்ச் சரிபார்க்க வேண்டும். அதற்கெல்லாம் பிறகுதான் விடுதலை உத்தரவு சிறைக்குப் போகும்.

இப்போது நம் டிரைவரின் சொந்தபந்தத்தை எண்ணிப் பாருங்கள். சித்தி மூன்று வீட்டில் பாத்திரம் தேய்க்கிறார். மச்சான் இட்லி வண்டி போட்டிருக்கிறார், ஸ்கூட்டர் ஒன்று இருக்கிறது, ஆனால் செகண்ட் ஹேண்டில் வாங்கியது, ஆர்.சி. இன்னும் பழைய முதலாளி பெயரில். சேமிப்பு என்றால் சீட்டு. அதற்கு எந்த வங்கியும் ரசீது தருவதில்லை. குடிசைக்குப் பத்திரம் கிடையாது. ஊரில் அரை ஏக்கர் நிலம் இருக்கிறது, பட்டா தாத்தா பேரில். அப்பாவின் பேருக்கே மாறவில்லை. மாறியிருந்தாலும் கள்ளக்குறிச்சி நிலத்தைத் தில்லிப் போலீஸ் எப்போது சரிபார்ப்பது? தெரிந்தவர்களில் வீடும் காரும் வைப்புத்தொகையும் உள்ள ஒரே ஆள் அவருடைய முதலாளி. அவர்தான் புகார் கொடுத்தவர்.

முகவரி என்பதும் லேசான விஷயமில்லை. ஜங்புராவில் பாராபுல்லா நாலா ஓரத்தில் பல பத்தாண்டுகளாகத் தமிழர்கள் குடியிருந்த மதராசி கேம்ப்பை உயர் நீதிமன்ற உத்தரவின்படி 2025 ஜூன் 1 அன்று இடித்தார்கள். சுமார் 370 வீடுகள். அவற்றில் 189 குடும்பங்களுக்குத்தான் மாற்று வீடு பெறும் தகுதி உண்டென்றார்கள், அதுவும் ஊரின் மறுகோடியில், நரேலாவில். மற்றவர்களின் ஆதார் அட்டையில் இருக்கும் கதவு எண்ணுக்குக் கதவே இல்லை. அந்த அட்டையை வைத்து ஒருவர் ஜாமீன் நிற்கப் போனால் முகவரி பார்க்க வரும் காவலர் என்ன எழுதுவார்?

தமிழ்நாட்டிலும் இந்தத் தொல்லை உண்டு. இரண்டு நபர் ஜாமீன், அதில் ஒருவர் ரத்த சொந்தம் என்று கேட்கும் வழக்கம் நமக்குத் தெரிந்ததே. ஆனால் ஊரில் வி.ஏ.ஓ.வைத் தெரியும், பங்காளி யாராவது இருப்பார். இங்கே அது கிடையாது. இந்த இடைவெளியில்தான் நீதிமன்ற வாசலில் காசுக்கு ஜாமீன் நிற்கும் ஆட்கள் முளைக்கிறார்கள். ஒரே ஆர்.சி.யோடு பல வழக்குகளில் தோன்றுபவர்கள். எத்தனை பேருக்கு நின்றீர்கள் என்று எழுதி வாங்கும் விதி வந்ததே அவர்களால்தான். விதி கடுமையாக ஆக, அவர்களின் கட்டணம் ஏறுகிறது என்பதைத் தவிர ஏழைக்கு வேறு பலன் கிடைத்ததாகத் தெரியவில்லை.

இதை நாற்பத்தைந்து ஆண்டுகளுக்கு முன்பே கண்டுகொண்டு கோபப்பட்ட நீதிபதி ஒருவர் இருந்தார். வி.ஆர். கிருஷ்ண ஐயர், பாலக்காட்டுக்காரர். மதராஸ் சட்டக் கல்லூரியில் படித்தவர், 1952-ல் மதராஸ் சட்டமன்ற உறுப்பினர், 1957-ல் கேரளத்தின் முதல் அமைச்சரவையில் சட்டத்தோடு சிறைத்துறையையும் பார்த்தவர். 1948-ல் ஒரு மாதம் தானே சிறைக்குள் இருந்தவர். மேலிருந்து பார்த்த சிறையும் உள்ளிருந்து பார்த்த சிறையும் இரண்டுமே அவருக்குத் தெரியும். உச்ச நீதிமன்றத்தில் சிறைகள் பற்றி அவர் எழுதியதில் அந்த வித்தியாசம் தெரிகிறது.

1978 ஆகஸ்டில் மோதி ராம் வழக்கு அவர் முன் வந்தது. மத்தியப் பிரதேசத்துக் கொத்தனார் ஒருவர். உச்ச நீதிமன்றமே ஜாமீன் கொடுத்தும் வெளியே வர முடியவில்லை. கீழே இருந்த மாஜிஸ்திரேட் 10,000 ரூபாய்க்கு ஜாமீன்தாரர் கேட்டார். கொத்தனாரின் அண்ணனோ தம்பியோ முன்வந்தபோது, உன் சொத்து வேறு மாவட்டத்தில் இருக்கிறது என்று திருப்பி அனுப்பினார். கிருஷ்ண ஐயருக்கு வந்த கோபத்தை அந்தத் தீர்ப்பில் இன்றும் படிக்கலாம். பஸ்தரிலோ போர்ட் பிளேரிலோ பஹல்காமிலோ சாந்தினி சௌக்கிலோ ஒரு மலையாளியோ கன்னடரோ தமிழரோ தெலுங்கரோ கைதானால் என்ன செய்வார், அங்கே சொத்து வைத்திருக்கும் ஜாமீன்தாரருக்கு எங்கே போவார் என்று கேட்டார். வேலை தேடி வந்திருக்கலாம், ஊர்வலத்துக்கு வந்திருக்கலாம், அங்கே ஒருவரையும் தெரியாமல் இருக்கலாம் என்றும் எழுதினார். கொத்தனாரை 1,000 ரூபாய் சொந்தப் பிணையிலேயே விடச் சொன்னார்.

45 ஆண்டு கழித்து, 2023 ஜனவரி 31 அன்று, ஜாமீன் கிடைத்தும் வெளியே வர முடியாதவர்களைப் பற்றி உச்ச நீதிமன்றம் மறுபடி ஓர் உத்தரவு போட்டது. ஜாமீன் உத்தரவைச் சிறைக்கு மின்னஞ்சலில் அனுப்ப வேண்டும். ஏழு நாளில் ஆள் வெளியே வராவிட்டால் சிறைக் கண்காணிப்பாளர் மாவட்டச் சட்டப் பணிகள் ஆணையத்துக்குச் சொல்ல வேண்டும். ஒரு மாதத்தில் பிணை கட்ட முடியாவிட்டால் நிபந்தனையைத் தளர்த்த முடியுமா என்று நீதிமன்றம் தானாகவே பார்க்கலாம். கடைசியாக, உள்ளூர் ஜாமீன்தாரர்தான் வேண்டும் என்று கேட்பது தாமதத்துக்கு ஒரு காரணம், அந்த நிபந்தனையை விதிக்காமல் இருக்கலாம் என்றது. கொத்தனார் வழக்கில் சொன்னதையே. முன்பு கண்டித்துச் சொன்னது இப்போது ஆலோசனையாக இறங்கியிருக்கிறது என்பதுதான் எனக்கு உறுத்துகிறது.

அதே 1978 ஆகஸ்டில் திகார் பற்றிய நேரடித் தீர்ப்பும் வந்தது. சுனில் பத்ரா என்ற கைதி, மரண தண்டனை விதிக்கப்பட்டதால் தனிக்கொட்டடியில் அடைக்கப்பட்டிருந்தார். வெளிநாட்டுக் குற்றவாளி சார்லஸ் சோப்ராஜ் காலில் இரும்புத் தண்டு பூட்டப்பட்டிருந்தார். நீதிபதிகள் சிலர் நேரிலேயே திகாருக்குப் போய்ப் பார்த்தார்கள். மேல்முறையீடு, கருணை மனு எல்லாம் முடியும்வரை ஒருவரை மரண தண்டனைக் கைதி என்று தனியே அடைக்கக் கூடாது, சிறைக்குள் போவதால் அடிப்படை உரிமை வாசலில் உதிர்ந்துவிடுவதில்லை என்று தீர்ப்பானது. அடுத்த ஆண்டு அதே பத்ரா உள்ளிருந்து ஒரு கடிதம் எழுதினார். காசு பிடுங்குவதற்காக வார்டர் ஒருவர் வேறொரு கைதியைச் சித்திரவதை செய்தார் என்று. நீதிமன்றம் அந்தக் கடிதத்தையே ஆட்கொணர்வு மனுவாக எடுத்துக்கொண்டது. மற்ற எத்தனையோ தீர்ப்புகளுக்கு இது தாய்.

உள்ளே வாழ்க்கை எப்படி? சிறைக்கென்று ஒரு மொழி இருக்கிறது, அது இந்தியும் உருதும் பஞ்சாபியும் கலந்தது. வாசல் கட்டடம் ட்யோடி. முதல் முறை வருபவர் போகும் இடம் முலாஹிஜா வார்டு. காலையிலும் மாலையிலும் தலை எண்ணுவது கின்தி. எழுத்து வேலை பார்க்கும் கைதி முன்ஷி. படிக்கத் தெரியாதவருக்குச் சூப்பரிண்டெண்டென்ட்டை விடப் பெரிய ஆள் அவர்தான். தண்டனையாக ஒதுக்கி வைப்பது கசூரி வார்டில். குடும்பத்தைப் பார்ப்பது முலாக்காத், வாரத்துக்கு இரண்டு முறை, முன்பதிவு செய்துகொண்டு, கண்ணாடிக்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் உட்கார்ந்து இன்டர்காமில் பேச வேண்டும். அந்த அரைகுறைச் சத்தத்தில் சித்தி வந்து வக்கீல் சொன்னதை விளக்க வேண்டும். விசாரணைக் கைதிகளைப் பெயரின் முதல் எழுத்தை வைத்துச் சிறை சிறையாகப் பிரிக்கும் வழக்கமும் திகாரில் இருந்துவந்திருக்கிறது. இனிஷியலை முன்னால் போட்டுக்கொள்ளும் நம் ஆளை எந்த எழுத்தில் சேர்ப்பார்கள் என்பது முன்ஷியின் பாடு.

இந்தி வராத தமிழருக்கு அங்கே தமிழில் பேச ஒரு ஆள் கிடைக்கலாம். அவரைச் சோதனை போடும் காவலர். திகாரின் பாதுகாப்பில் மத்திய ரிசர்வ் போலீசோடும் இந்தோ-திபெத் எல்லைக் காவல் படையோடும் தமிழ்நாடு சிறப்புக் காவல் படையும் பல ஆண்டுகளாக இருக்கிறது. நம் ஊரில் பட்டாலியன் என்பார்களே, அவர்கள்தான். இதற்குச் சொல்லப்படும் காரணம் எளிது: உள்ளூர்க் கும்பல்களோடு ஊர்ப் பாசமோ மொழிப் பழக்கமோ இல்லாதவர்கள் காவல் நின்றால் பீடியும் செல்போனும் உள்ளே போவது குறையும். 1986 மார்ச்சில் சோப்ராஜ் காவலர்களுக்கு மயக்க மருந்து கலந்த இனிப்பைக் கொடுத்துவிட்டு வாசல் வழியாகவே போன சிறையில் இப்படி யோசித்ததில் தப்பில்லை. ஆனால் 2023 மே மாதம் எட்டாம் எண் சிறையில் ஒரு கும்பல் தலைவரை எதிர்க்கும்பல் குத்திக் கொன்றபோது, பக்கத்தில் நின்ற நம் காவலர்கள் தடுக்காமல் நின்றது கேமராவில் பதிவானது. ஏழு பேர் பணியிடை நீக்கம் செய்யப்பட்டுத் தமிழ்நாட்டுக்குத் திருப்பி அனுப்பப்பட்டார்கள். ஆயிரக்கணக்கான கிலோமீட்டர் தள்ளி, மொழி புரியாத இடத்தில், கும்பல்களுக்கு நடுவே நிற்க வைக்கப்பட்டவர்களை மட்டும் குற்றம் சொல்லிக் கோப்பை மூடியது எனக்குச் சரியாகப் படவில்லை. நெரிசலை உண்டாக்கியது அவர்களா?

திகார் என்றதும் பலருக்குக் கிரண் பேடி நினைவுக்கு வருவார். போலீஸ் அதிகாரியான அவர் 1993 முதல் 1995 வரை தில்லிச் சிறைகளின் ஐ.ஜி.யாக இருந்தார். படிப்பு, புகார்ப் பெட்டி, ஆயிரத்துக்கும் மேற்பட்ட கைதிகளுக்கு ஒரே நேரத்தில் விபாசனா தியானம் என்று பெயர் வாங்கினார். 1994-ல் மகசேசே விருதும் வந்தது. இன்று திகார் பிஸ்கட்டும் ரொட்டியும் டி.ஜே'ஸ் (TJ's) என்ற பெயரில் கடையில் கிடைக்கின்றன. நல்ல விஷயங்களே. ஆனால் தொழிற்சாலை வேலை முக்கியமாகத் தண்டனைக் கைதிகளுக்கானது. பத்தில் ஒன்பது பேருக்குச் செய்ய ஒன்றுமில்லை, எத்தனை நாள் என்றும் தெரியாது. தூக்கு நடந்த நாட்களில், கடைசியாக 2020 மார்ச் 20 விடியற்காலையில், நாட்டின் கேமராக்கள் எல்லாம் திகார் வாசலில் நின்றன. மற்ற நாட்களில் மாலையில் அதே வாசலில் விடுதலைக் காகிதத்துக்காக நிற்கும் கூட்டத்தைப் படம் பிடிக்க யாரும் வருவதில்லை.

புதிய சட்டம் ஒரு வழி திறந்திருக்கிறது. பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் இடத்தில் 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் இருக்கும் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 479-ஆம் பிரிவின்படி, முதல் முறை குற்றம் சாட்டப்பட்டவர், அந்தக் குற்றத்துக்கான உச்ச தண்டனையில் மூன்றில் ஒரு பங்கை உள்ளே கழித்துவிட்டால் பிணையில் விட வேண்டும். மற்றவர்களுக்குப் பாதி. விண்ணப்பிக்க வேண்டியது சிறைக் கண்காணிப்பாளரின் கடமை. பழைய வழக்குகளுக்கும் இது பொருந்தும் என்று 2024 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் சொன்னது. ஆயுள், மரண தண்டனைக்குரிய குற்றங்களுக்கு இது கிடையாது. ஒருவர் மேல் ஒன்றுக்கு மேற்பட்ட வழக்கு நிலுவையில் இருந்தாலும் கிடையாது. போலீஸ் நினைத்தால் இரண்டாவது வழக்குக்குப் பஞ்சமா? நம் டிரைவருக்கு இது கிடைத்தாலும் மறுபடி பிணைப் பத்திரம் என்ற அதே வாசலில்தான் வந்து நிற்பார். பிணை கட்ட முடியாத விசாரணைக் கைதிக்கு (அன்றைய விதிப்படி 40,000 ரூபாய் வரை) அரசே கட்டும் திட்டம் ஒன்றையும் 2023-ல் மத்திய அரசு கொண்டுவந்தது. இது இருப்பது தெரிந்த குடும்பங்களை விரல் விட்டு எண்ணலாம்.

தில்லியில் யாராவது மாட்டிக்கொண்டதாக ஊரிலிருந்து போன் வந்தால் செய்யக்கூடியவை சில உண்டு. காவலில் இருப்பவர் எவருக்கும், வருமானம் எவ்வளவு என்று பார்க்காமல், இலவச வக்கீல் உண்டு; 15100 என்ற எண்ணில் கேட்கலாம். ஜாமீன் கேட்கும்போதே சொந்தப் பிணை மட்டும் போதும் என்றோ, ஜாமீன்தாரருக்குப் பதில் பணத்தை நீதிமன்றத்தில் கட்டுகிறோம் என்றோ மனுவில் எழுதச் சொல்ல வேண்டும். ஜாமீன் கிடைக்கும் தன்மையுள்ள சிறு குற்றம் என்றால், கைதாகி ஒரு வாரத்தில் ஜாமீன்தாரரைக் காட்ட முடியாதவரை வசதியற்றவர் என்று எடுத்துக்கொண்டு சொந்தப் பிணையிலேயே விட வேண்டும் என்று சட்டமே சொல்கிறது.

மீதி நம் கையில் இருக்கிறது. தில்லியில் ஏழு தமிழ்ப் பள்ளிகளை நடத்தத் தெரிந்த சமூகம் இது. ஆர்.கே. புரத்தில் தமிழ்ச் சங்கம் இருக்கிறது, மலை மந்திர் என்ற முருகன் கோயில் இருக்கிறது; ஓய்வுபெற்ற அதிகாரிகளும் வக்கீல்களும், தங்கள் பெயரிலேயே ஆர்.சி.யும் வைப்புத்தொகையும் உள்ளவர்களும் நிறைய. அவர்கள் வீட்டில் பாத்திரம் தேய்ப்பவரின் தம்பிக்கு ஜாமீன் நிற்க அவர்கள் தயங்குவதும் புரிகிறது: ஆள் வாய்தாவுக்கு வராவிட்டால் பிணைத் தொகையைக் கட்ட வேண்டிவரும், நோட்டீஸ் வீட்டுக்கு வரும். தனியாக ஒருவர் அந்தப் பயத்தைச் சுமக்க வேண்டியதில்லை. ஒரு சங்கம் சிறு தொகையை ஒதுக்கி, முகவரியையும் குடும்பத்தையும் தானே விசாரித்து, வாய்தா தேதியைப் போனில் நினைவுபடுத்தினால் ஆள் தவறுவது அபூர்வம். பொங்கல் விழாவுக்கு வசூல் செய்யும் கமிட்டி ஒன்று இதையும் பொதுக்குழுவில் ஓர் அயிட்டமாக வைத்துப் பார்க்கலாம்.